எல்லோரும் கைதட்டிய காட்சி

மேடைகளில் என்னைக் "காட்டுயிர்ப் படக்கலைஞர்" என்று அறிமுகப்படுத்துகிறார்கள். பொன்னாடை போர்த்துகிறவர் அந்தப் பட்டத்தை வாய்க்குள் ஒருமுறை உருட்டிப் பார்த்துவிட்டு, மைக்கில் சொல்லும்போது 'காட்டு' என்கிற பாதியை மட்டும் தெளிவாகச் சொல்வார். நானும் எழுந்து கும்பிடுவேன். உண்மையில் நான் காட்டுக்குள் போய்ப் படம் எடுத்த நாட்கள் சொற்பம். என் படங்களில் முக்கால்வாசி கண்மாய்க் கரைகளிலும் வயல் வரப்புகளிலும் எடுத்தவை. அதற்கும் முன்னால் செய்த தொழில் இன்னும் கௌரவமானது. கல்யாண வீடியோ.

தொண்ணூறுகளில் மதுரையில் கல்யாண வீடியோ எடுப்பதற்குச் சில சட்டதிட்டங்கள் இருந்தன. பெண்ணின் முகம் தாமரைப் பூவுக்குள்ளிருந்து வர வேண்டும். மாப்பிள்ளையின் முகம் இதய வடிவச் சட்டத்துக்குள் சுழன்று போய் விமானத்தில் ஏற வேண்டும், அவர் வாழ்நாளில் பக்கத்திலிருக்கிற சமயநல்லூரைத் தாண்டியதில்லை என்றாலும். பந்தியில் சாப்பிடுகிற ஒவ்வொருவர் முகத்திலும் ஹாலோஜன் விளக்கைக் காட்ட வேண்டும். காட்டாமல் விட்டால், "என்னைய மட்டும் வேணும்னே விட்டுட்டாய்ங்க" என்று ஏதாவது ஒரு சித்தப்பா பத்து வருஷம் பேசாமல் இருப்பார். இதற்கெல்லாம் கலை என்று பெயர் வைத்துத்தான் நான் வயிறு வளர்த்தேன்.

அப்பாவுக்கு இதில் பெரிய வருத்தம். சௌராஷ்டிரக் குடும்பம், சேலைக் கடை. நன்றாகப் பேரம் பேசக்கூடிய மூத்த மகன், கடையில் உட்காராமல் அடுத்தவர் வீட்டுப் பந்தியைப் படம் பிடித்துக்கொண்டு திரிகிறான். அவர் என்னைத் தமிழில் ஒருபோதும் திட்டியதில்லை. கடைக்கு வந்தவர்களுக்குப் புரிந்துவிடும் என்பதால், திட்டுவதற்கு வீட்டில் பேசுகிற சௌராஷ்டிர பாஷையையே வைத்திருந்தார். பின்னால் நான் நாரைகளைப் படம் பிடிக்கக் கிளம்பியபோது, "கல்யாண வீட்டிலாவது சாப்பாடு போட்டார்கள்" என்று சொன்னதும் அந்தப் பாஷையில்தான்.

நாரைகள் என் வாழ்க்கைக்குள் வந்ததே ஒரு கல்யாணத்தில்தான். டி. கல்லுப்பட்டியைத் தாண்டி ஒரு கிராமம். பஞ்சாயத்துத் தலைவரின் மகளுக்குக் கல்யாணம். ஊரே அவரைப் பிரசிடெண்ட் என்றுதான் கூப்பிடும், நானும் அப்படியே சொல்கிறேன். தாலி கட்டி முடிந்ததும் 'அவுட்டோர்' என்று ஒன்று உண்டு. மணமக்களை மாலையோடு ஒரு தோப்புக்கோ கண்மாய்க்கோ கூட்டிப் போய், கையைப் பிடித்து நடக்கச் சொல்லி, திரும்பச் சொல்லி, சிரிக்கச் சொல்லி எடுப்பது. அவர்கள் ஒருவர் முகத்தை ஒருவர் அன்றைக்குத்தான் சரியாகப் பார்த்திருப்பார்கள். அந்தக் கூச்சத்துக்கு நாங்கள் காதல் பாட்டுப் போடுவோம்.

அந்த ஊர்க் கண்மாய்க்குள் கருவேல மரங்கள் இடுப்பளவு தண்ணீரில் நின்றன. மரத்துக்கு மரம் கூடு. நத்தைகுத்தி நாரை, அரிவாள்மூக்கன், எல்லாவற்றுக்கும் மேலே ரோஜா நிறத்தில் வால் வைத்துக்கொண்டு மஞ்சள்மூக்கு நாரை. ஒரு நாரை ஒரே ஒரு குச்சியை வாயில் கவ்விக்கொண்டு வந்து, ஜோடியிடம் கொடுத்து, ஜோடி அதை வாங்கி இப்படி வைத்து, அப்படி வைத்து, திருப்தியில்லாமல் மறுபடி எடுத்தது. அன்று காலையிலிருந்து நான் படம் பிடித்த சடங்குகளைவிட அது எவ்வளவோ ஒழுங்காக இருந்தது. கேமராவை அந்தப் பக்கம் திருப்பினேன். மணமக்கள் கையைப் பிடித்தபடி கரையின் கடைசிவரை நடந்து போய், யாரும் திரும்பச் சொல்லாததால் அங்கேயே நின்றிருக்கிறார்கள்.

கேசட்டைப் பார்த்துவிட்டுப் பிரசிடெண்ட் என் வீடியோக் கடைக்கே வந்துவிட்டார்.

"அண்ணே, என் மருமகன் நாலு நிமிசம் வாரான். கொக்கு பதினோரு நிமிசம் வருது. கல்யாணம் யாருக்குண்ணே?"

அந்த ஊரில் வெள்ளையாக இருந்து பறந்தால் எல்லாம் கொக்குதான். வேறு ஒருவராக இருந்தால் என் கேமராவை அதே கண்மாயில் வீசியிருப்பார். இவர் நல்ல மனிதர். பதினோரு நிமிடத்தையும் முழுசாகப் பார்த்துவிட்டுத்தான் சண்டைக்கு வந்திருந்தார்.

அதன்பின் முகூர்த்தம் இல்லாத நாளெல்லாம் மொபெட்டில் கேமராவைக் கட்டிக்கொண்டு அந்தக் கண்மாய்க்குப் போனேன். கரைக்குக் கீழே ஒரு அக்காவுக்கு ஒரு ஏக்கர் நிலம். எருமை ஒன்று வைத்திருந்தார். அதைத் தண்ணீரில் விட்டுவிட்டுக் கரையில் உட்கார்ந்து நாரைகளைப் பார்ப்பது அவருடைய அன்றாட வேலை. நாரைகளின் எச்சம் கலந்த தண்ணீர் பாய்வதால் தன் வயலுக்கு யூரியா வேண்டியதில்லை என்று எல்லோரிடமும் காரணம் சொல்வார். ஆனால் யூரியாவுக்காகப் பார்க்கிறவர், "மூணாவது குஞ்சு நேத்து இரை எடுக்கல தம்பி" என்று முகம் வாடிச் சொல்ல மாட்டார்.

கரையோரம் இருந்த ஒரு தாழ்ந்த மரத்தின் கூட்டைத்தான் நாங்கள் இருவரும் அதிகம் பார்த்தோம். மஞ்சள்மூக்கு நாரை, மூன்று குஞ்சுகள். உச்சி வெயிலில் தாய் நாரை சூரியனுக்கு முதுகைக் காட்டி, இரண்டு இறக்கைகளையும் விரித்துக் குஞ்சுகள்மேல் நிழல் விழும்படி நிற்கும். அலகைத் திறந்து மூச்சு வாங்கும், ஆனாலும் நகராது. அதன் ஜோடி இரையோடு வந்து இடத்தை எடுத்துக்கொள்ளும்வரை அப்படியே நிற்கும். முதல் தடவை அதைப் பார்த்தபோது ரெக்கார்ட் பட்டனை அழுத்தவே மறந்து நின்றேன். இதை மட்டும் கிண்டல் இல்லாமல் சொல்கிறேன்.

அந்த வருஷம் மழை ஏமாற்றிவிட்டது. மாசி பிறக்கும்போதே தண்ணீர் இறங்கி மரங்களின் கால் தெரிந்தது. கருவேல மரங்கள் விறகுக்காக முன்பே ஏலம் போயிருந்தன. வழக்கமாகக் கண்மாய் காய்ந்தபின் வைகாசியில் வெட்டுவார்கள், அதற்குள் குஞ்சுகள் பறந்திருக்கும். இந்த முறை லாரி இறங்க வழி கிடைத்ததும், ஏலம் எடுத்தவர் மாசிக் கடைசியில் வெட்டுவதற்கு ஆள் சேர்க்க ஆரம்பித்தார். குஞ்சுகளுக்கோ இன்னும் இறகே முழுசாக முளைக்கவில்லை. ஒரு மாதம் தள்ளி வெட்டினால் போதும், அத்தனையும் பிழைத்துவிடும்.

"ஒத்த மாசந்தேன் தம்பி," என்றார் அக்கா. "அதுக்குள்ள வெறகு எந்திரிச்சு ஓடியா போயிரும்? ஒங்க படத்த யாராவது பெரிய ஆளுக்குப் போட்டுக் காட்டுங்க."

அப்படித்தான் என் முதல் படம் உருவானது. இருபது நிமிடம். கல்யாணக் கேசட்டுகளைச் செய்து தருகிற மிக்ஸிங் சென்டரில் உட்கார்ந்துதான் வெட்டி ஒட்டினோம். அங்கே வேலை செய்தவர் பழக்கதோஷத்தில் இரண்டு நாரைகளையும் இதயத்துக்குள் போட்டுவிட்டார். எடுக்கச் சொன்னேன். "ஜோடிப் பொருத்தம் நல்லாத்தேன இருந்துச்சு" என்று முனகிக்கொண்டே எடுத்தார்.

அந்தச் சமயத்தில் சென்னையிலிருந்து ஒரு பெரிய மனிதர் மதுரைக்கு வந்திருந்தார். இந்த மாதிரிப் படங்களுக்கு நடக்கிற விழாக்களில் நடுவராகப் போகிறவர். அழகர்கோவிலில் தரிசனம் முடித்து, அங்கே பிரசாதமாகத் தருகிற தோசையைச் சாப்பிட்டுக்கொண்டே என் படத்தைப் பார்த்தார். தோசை நன்றாக இருந்தது என்றார். படத்தைப் பற்றி, "எல்லாம் உட்கார்ந்தே இருக்கே சார். பிரம்மாண்டமா ஒரு பறக்கிற ஷாட் வேணும். மொத்தமா எழும்பணும். அது இருந்தா இது எங்கேயோ போயிடும்" என்றார்.

கூட்டில் குஞ்சு இருக்கும்போது நாரைகள் சும்மா மொத்தமாக எழும்பாது. தாய் இருந்தால் தகப்பன் போகும், தகப்பன் வந்தால் தாய் போகும். எல்லாம் ஒரே நேரத்தில் எழுந்தால் ஏதோ கேடு வந்திருக்கிறது என்று அர்த்தம். இது எனக்கு நன்றாகத் தெரியும். தெரிந்துகொண்டேதான் அந்த ஷாட்டை நினைத்துக் கனவு கண்டேன்.

படத்தை முதலில் ஊரில் போட்டோம், பஞ்சாயத்து அலுவலகத்து டிவியில். தங்கள் கண்மாயை டிவியில் பார்த்ததும் ஒரே விசில். தாய் நாரை இறக்கை விரிக்கிற இடம் வந்ததும் விசில் நின்றது. "ஏத்தா, குடை பிடிக்குதுடி பிள்ளைகளுக்கு" என்று ஒரு பெண் சொன்னார். மரத்தை இப்போது வெட்டக் கூடாது என்று அன்றைக்கே எழுதி எல்லோரும் கையெழுத்துப் போட்டார்கள். மனுவும் கேசட்டும் ஒரு பெரிய அதிகாரிக்குப் போயின. ஆச்சரியம், அவர் இரண்டையும் பார்த்தார். நேரில் வந்து பார்த்து முடிவு சொல்வதாகத் தகவல் அனுப்பினார்.

இங்கேதான் எங்கள் சீமையின் வழக்கத்தைச் சொல்ல வேண்டும். எங்கள் பக்கம் காதுகுத்துக்கு வெடி, கல்யாணத்துக்கு வெடி, ஆள் செத்தால் தூக்கிப்போகிற வழியெல்லாம் வெடி. இடையில் கொஞ்ச நாள் சத்தமில்லாமல் போனால் அதற்கு வாழ்க்கை என்று பெயர். ஒரு பெரிய மனிதர் ஊருக்குள் கால் வைக்கும்போது வெடி வெடிக்கவில்லை என்றால், அவரை அவமானப்படுத்தியதாகத்தான் கணக்கு. அதுவும் பிரசிடெண்ட் வீட்டு விசேஷங்களில் பத்தாயிரம் வாலாவுக்குக் குறைந்து வெடித்ததில்லை. அவர் மகள் கல்யாணத்தில் அந்தப் புகையில் மணப்பெண்ணைத் தேடிப் பிடித்துப் படம் எடுத்தவன் நான். எனக்குத் தெரியாத விஷயம் இல்லை.

அதிகாரி வருவதற்கு முதல் நாள் அக்கா என்னைக் கரையில் பிடித்துக்கொண்டார்.

"தம்பி, நாளைக்கு வேட்டு கீட்டுப் போட்டுறப் போறாய்ங்க. நான் சொன்னா பொம்பளைக்கு என்ன தெரியும்பாய்ங்க. நீங்க சொன்னாத்தேன் கேப்பாய்ங்க. சொல்லிருங்க."

"சொல்லிர்றேன்க்கா," என்றேன்.

சொல்லவும் செய்தேன். பிரசிடெண்ட் வீட்டு வாசலில் நின்று, "நாளைக்கு ரொம்பத் தடபுடல் எல்லாம் வேணாம்ணே" என்றேன். எங்கள் ஊரில் விருந்தாளி இலையில் "போதும்" என்று சொன்னால், இன்னும் இரண்டு கரண்டி வை என்று அர்த்தம். அவர் என் தோளைத் தட்டி, "அட, கூச்சப்படாதீகண்ணே. ஒங்களாலதேன அம்புட்டுப் பெரிய ஆளு இங்க வாரான். நம்ம ஊரு மரியாதைன்னு ஒண்ணு இருக்குல்ல" என்றார். வெடி என்ற வார்த்தை என் வாயில் இருந்தது. ஒரு காபி கொடுத்தார்கள், அதோடு சேர்த்து விழுங்கிவிட்டேன். வருகிறவர் முன்னால் என்னைப் பற்றி நாலு வார்த்தை பேசப்போகிறவரைச் சங்கடப்படுத்துவானேன் என்று எனக்கு நானே ஒரு நியாயம் சொல்லிக்கொண்டேன்.

மறுநாள் காலை பத்து மணி. கண்மாய்க் கரையில் தோரணம், கொட்டுக்காரர்கள், மாலை, பூரண கும்பம். நாரைகளைக் காப்பாற்ற வருகிறவருக்கு யானை ஒன்றுதான் குறை. நான் கரையின் வளைவில் கேமராவை ஸ்டாண்டில் ஏற்றி நின்றேன். சூரியன் என் முதுகுப் பக்கம். வானம் கழுவிவிட்டதுபோல நீலமாக இருந்தது. கீழே மரங்கள் நிறைய வெள்ளையும் ரோஜாவும். அப்படி ஒரு வெளிச்சம் எனக்கு அதற்கு முன்பும் கிடைக்கவில்லை, பின்பும் கிடைக்கவில்லை.

அப்போது ஒருவர் கரையோரம், எங்கள் தாழ்ந்த மரத்துக்கு நேராக, சிவப்புச் சரவெடியைப் பாய் விரிப்பதுபோலப் பிரித்துப் போட்டுக்கொண்டு வந்தார்.

பார்த்தேன். அவருக்கும் எனக்கும் நடுவில் முப்பது அடிகூட இருக்காது. ஒரு கத்து கத்தியிருந்தால் போதும், கையை உயர்த்தியிருந்தால்கூடப் போதும். நான் என்ன செய்தேன் என்றால், ஜூமைப் பின்னால் இழுத்து எல்லா மரங்களும் சட்டத்துக்குள் வரும்படி வைத்துக்கொண்டேன். யாராவது சொல்வார்கள் என்று நினைத்தேன். இப்போது போய்ச் சொன்னால் நன்றாக இருக்காது என்று நினைத்தேன். இதெல்லாம் பிறகு நான் கண்டுபிடித்துக்கொண்டதாகவும் இருக்கலாம். ரெக்கார்ட் பட்டனை அழுத்தினேன் என்பது மட்டும் நிச்சயம்.

ஜீப் வந்தது. கொட்டு முழங்கியது. வெடி கிளம்பியது.

மொத்தக் கண்மாயும் எழுந்தது. ஒரு நிமிடம் இருபது விநாடி. முதலில் அரிவாள்மூக்கன்கள், அப்புறம் நத்தைகுத்திகள், கடைசியாகக் கனத்த இறக்கைகளை அடித்துக்கொண்டு மஞ்சள்மூக்கு நாரைகள். வானம் நிறைந்து நிழல் எங்கள்மேல் ஓடியது. ஜீப்பிலிருந்து இறங்கிய அதிகாரி மாலையை வாங்க மறந்து அண்ணாந்து நின்றார். பிறகு கைதட்டினார். அவர் தட்டியதைப் பார்த்து எல்லோரும் தட்டினார்கள்.

"இவ்வளவு பறவைகளா! இதை வெட்டலாமா? ஒரு மாதம் என்ன, இரண்டு மாதம் நிறுத்தி வைக்கிறேன்" என்று அங்கேயே சொல்லிவிட்டார். பிரசிடெண்ட் என்னைக் கட்டிப் பிடித்துக்கொண்டார். "பாத்தீகளாண்ணே? எல்லாம் நம்ம வெடி பண்ணுன வேலை" என்றார். ஒருவகையில் அவர் சொன்னது முழு உண்மை.

ஜீப் போன பிறகுதான் மற்றது கண்ணில் பட்டது. பதறி எழுந்தபோது தாய்களின் கால்பட்டே பல குஞ்சுகள் கூட்டை விட்டுச் சேற்றில் விழுந்திருந்தன. ஆளில்லாத கூடுகளில் காக்கைகள் உட்கார்ந்தன. பருந்துகளும் வந்துவிட்டன. மீதிக் குஞ்சுகளின்மேல் நேராக வெயில். நான் பேட்டரி மாற்றிக்கொண்டிருந்தேன். அக்கா சேலையைத் தூக்கிச் செருகிக்கொண்டு தொடையளவு சேற்றில் இறங்கி, சாணி அள்ளுகிற கூடையில் குஞ்சுகளைப் பொறுக்கிப் போட்டுக்கொண்டிருந்தார். பிறகு நானும் இறங்கினேன். எங்களோடு இன்னும் சிலரும் இறங்கினார்கள். யாரும் யாரையும் திட்டவில்லை. தாழ்ந்த மரத்துக் கூட்டில் ஒரு குஞ்சுதான் மிச்சம் இருந்தது, அதையும் எங்கள் கண்ணெதிரே காக்கைகள் முடித்தன.

நத்தைகுத்திகள் சாயங்காலத்துக்குள் திரும்பிவிட்டன. மஞ்சள்மூக்கு நாரைகளில் பாதிக்கு மேல் உயரத்தில் சுற்றிச் சுற்றிப் பார்த்துவிட்டுப் போனவைதான். அக்கா கூடையில் எடுத்துப்போன குஞ்சுகளுக்குத் தொழுவத்தில் வைத்து மீன் துண்டு ஊட்டினார். ஐந்தாம் நாளோடு அந்த வேலையும் முடிந்தது.

உத்தரவு வந்தது, முத்திரையோடு. பிரசிடெண்ட் அதைக் கண்ணாடி போட்டு அலுவலகத்தில் மாட்டினார். மரங்கள் இரண்டு மாதம் பத்திரமாக நின்றன. கூடுகளும் பத்திரமாக இருந்தன. பலவற்றில் உள்ளே இருக்க வேண்டியவர்களைத்தான் காணோம்.

படத்தின் கடைசியில் அந்த ஷாட்டைச் சேர்த்தேன். கொட்டையும் வெடியையும் எடுத்துவிட்டுப் புல்லாங்குழல் போட்டேன். சென்னைப் பெரிய மனிதர் சொன்னபடியே படம் எங்கேயோ போனது. ஒரு விழாவில் பரிசு கொடுத்தார்கள். அந்த நாரைகள் எழும்ப எத்தனை நாள் காத்திருந்தீர்கள் என்று ஒரு மாணவி கேட்டாள். "இந்தத் தொழிலுக்குப் பொறுமைதாம்மா மூலதனம்" என்றேன். கைதட்டினார்கள். அந்தப் பதிலை இத்தனை வருஷத்தில் எத்தனையோ தடவை சொல்லிவிட்டேன், இப்போது தடுமாறாமல் வருகிறது.

பரிசு வாங்கிய படத்தை ஊருக்குப் போட்டுக் காட்ட வேண்டும் என்று பிரசிடெண்ட் பிடிவாதம் பிடித்தார். கேடயத்தையும் தூக்கிக்கொண்டு போனேன். மத்தியானம், அதே பஞ்சாயத்து அலுவலகம், அதே டிவி. நாரைகள் எழும்பியதும் கூரை அதிரக் கைதட்டல். அக்கா வாசல் ஓரம் நின்று பார்த்தார். எருமையை வெளியே வேம்பில் கட்டியிருந்தார். படம் முடிந்ததும் என் பக்கத்தில் வந்தார்.

"நல்லாருக்கு தம்பி. அந்த வெடிச் சத்தத்த எங்க காணோம்?"

"எடுத்துட்டேன்க்கா. படத்துக்கு ஒத்து வரல."

சரி என்று தலையாட்டினார். பிறகு, கோபமே இல்லாமல், ஏதோ பழைய விஷயத்தை நினைவுபடுத்துகிற மாதிரி சொன்னார்.

"அன்னைக்கு அந்தாளு வெடியப் பிரிச்சுப் போட்டப்ப நான் எதிர்க்கரையில நின்னேன். கத்துனா அம்புட்டுத் தூரத்துக்குக் கேக்காது. நீங்க அதப் பாத்தீகள்ல? ஒங்களத்தேன் பாத்துக்கிட்டே நின்னேன். இப்பக் கைய ஒசத்துவீக, இப்பக் கைய ஒசத்துவீகன்னு."

அவர் என்னிடம் பதில் எதையும் எதிர்பார்க்கவில்லை. எருமையை அவிழ்க்கப் போய்விட்டார்.

"அண்ணே," என்று பிரசிடெண்ட் முன்வரிசையிலிருந்து கூப்பிட்டார். "அந்தப் பறக்குறத மட்டும் இன்னொருக்கா போடுங்க. பின்னாடி நின்னவுகளுக்குச் சரியாத் தெரியலையாம்."

ரிமோட் என் கையில்தான் இருந்தது. ரீவைண்ட் அழுத்தினேன். திரையில் நாரைகள் எல்லாம் வானத்திலிருந்து பின்பக்கமாக இறங்கி, இறக்கையை மடக்கி, ஒவ்வொன்றாகத் தங்கள் கூட்டில் போய் உட்கார்ந்தன. தாழ்ந்த மரத்தில் அந்தத் தாயும் வந்து, குஞ்சுகளின்மேல் இறக்கையை விரித்து நின்றது.

"ம், அங்கதேன். போடுங்கண்ணே," என்றார் பிரசிடெண்ட்.

போட்டேன்.